வின்லாண்ட் சாகா: பழிவாங்காத மகன்

அன்புள்ள ஆசிரியருக்கு,

வைக்கிங்குகள் என்ற பழைய வடஐரோப்பியக் கடலோடிப் போர்வீரர்களின் கதையான ‘வின்லாண்ட் சாகா’ அனிமேயின் (ஜப்பானிய அனிமேஷன் தொடர்) இரண்டு சீசன்களையும் பார்த்துவிட்டேன். அப்பாவைக் கொன்றவனைப் பழிவாங்க முதல் சீசன் முழுக்கக் கத்தியோடு அலைந்த தோர்ஃபின், இரண்டாவதில் பண்ணை அடிமையாகிறான். அடி வாங்கியும் திருப்பி அடிக்க மறுக்கிறான். கோழையாகிவிட்டானோ என்று தோன்றியது. நீங்கள் என்ன நினைக்கிறீர்கள்?

ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

தோர்ஃபினுக்குக் கடைசிவரை பழிவாங்கவே வாய்ப்பதில்லை. தந்தை தோர்ஸின் சாவுக்குக் காரணமான வைக்கிங் கும்பல் தலைவன் அஸ்கெலாட்டை வெட்டிச் சாய்ப்பவன் டென்மார்க் இளவரசன் கனூட். அஸ்கெலாட்டோடு ஒற்றைக்கு ஒற்றை மோதும் வாய்ப்புக்காக, அவன் ஏவிய கொலைகளையெல்லாம் செய்தவன் தோர்ஃபின். அவன் பண்ணைக்கு வரும்போது உள்ளே எதுவும் மிச்சமில்லை.

அங்கே அவன் காணும் கனவை இன்னொரு முறை பாருங்கள். பாதாளத்தில் செத்த வீரர்கள் ஓயாமல் வெட்டிக்கொள்கிறார்கள். மேலேறப் பார்ப்பவனைப் பிடித்துத் தொங்குகிறார்கள், அவன் கொன்றவர்கள். அவர்களையும் சுமந்துகொண்டே ஏறு என்கிறான் அஸ்கெலாட். தகப்பனைக் கொன்றவன் வாயால் அதைச் சொல்லவைத்தாரே கதையை உருவாக்கிய மகோடோ யுகிமுரா, அதற்காகவே அவரை வணங்கத் தோன்றுகிறது. தன்னைத் தேடிவர எத்தனை பிள்ளைகளுக்கு நியாயம் இருக்கிறது என்பது தோர்ஃபினுக்கு உறைப்பது இங்கேதான். கத்தியைத் தொடமாட்டேன் என்று விழித்தெழுந்துதான் முடிவெடுக்கிறான்.

கோழைத்தனத்துக்கு வருகிறேன். அரசனாகி, பண்ணையைக் கைப்பற்றப் படையோடு வந்த கனூட்டைச் சந்திப்பதற்காக அவன் ஒரு படைவீரனிடம் 100 குத்து வாங்குகிறான். முகம் வீங்கி உருக்குலைந்த பிறகும் எழுந்து நின்று, தனக்கு எதிரிகளே இல்லை என்கிறான். கனூட்டிடமோ, நீ பின்வாங்காவிட்டால் நான் ஓடிப்போவேன் என்கிறான். வைக்கிங்குகள் நடுவில் நின்று அப்படிச் சொல்ல எத்தனை நெஞ்சுரம் வேண்டும்!

எனக்கு ஆறாத இடம் வேறு. அதே பண்ணையில் அடிமையான கர்ப்பிணி ஆர்ன்ஹெய்ட், தன் எஜமான் கெட்டில் அடித்த அடியில் சாகிறாள். கெட்டில்மேல் வெறிகொண்ட தன் நண்பனும் சக அடிமையுமான ஐனாரைத் தோர்ஃபின் தடுக்கிறான். தன் பழியை ஒருவன் விட்டுவிடலாம். நண்பனிடம் ‘நீயும் விடு’ என்று சொல்ல அவனுக்கு என்ன உரிமை? கெட்டில் பிழைத்துக்கொள்கிறார். ஆர்ன்ஹெய்ட்டுக்கு நீதி கிடைக்கவில்லை. யுகிமுரா அதை மூடி மறைக்காமல் விட்டது நேர்மை என்றே நினைக்கிறேன். ஆனாலும் மனம் ஒப்பவில்லை.

இந்த அனிமேக்கு மூலமான, 2005இல் தொடங்கிய மாங்காவையும் (ஜப்பானியச் சித்திரக்கதை) படியுங்கள். தன் தகப்பனைக் கொன்ற தோர்ஃபினை எதிர்கொள்ளும் ஹில்ட் என்ற பெண் அதில் வருகிறாள். அவள் தரப்பிலிருந்து பார்த்தபின் உங்களுக்கு என்ன தோன்றியது என்று எழுதுங்கள்.

அன்புடன்