பென்னாகரத்துக்கும் கடலுக்கும் என்ன சம்பந்தம்?

அன்புள்ள ஐயா,

பென்னாகரம் பக்கம் ஓர் அரசுப் பள்ளியில் சமூக அறிவியல் நடத்துகிறேன். நான் படித்தபோது பெருங்கடல்கள் நான்கு, இப்போது ஐந்து என்கிறார்கள். எது சரி? குமரிக்கண்டம் உண்மையா என்றும் பிள்ளைகள் கேட்கிறார்கள். கடலையே பார்க்காத இந்த வறண்ட மாவட்டத்துப் பிள்ளைகளுக்கு உலகத்துக் கடல்களின் பெயரெல்லாம் எதற்கு என்று சில நேரம் சலிப்பாக இருக்கிறது.

ஓர் ஆசிரியை

அன்புள்ள டீச்சர்,

ஐந்து என்றே நடத்துங்கள். அண்டார்டிகாவைச் சுற்றி ஓடும் நீரோட்டம் அங்குள்ள கடலைத் தனியாகப் பிரித்து வைத்திருக்கிறது. நேஷனல் ஜியாக்ரபிக் 2021 முதல் அதைத் தென்பெருங்கடல் என்று தனியாகவே குறிக்கிறது. குமரிக்கண்டத்தோடு சேர்த்துச் சொல்லப்படும் லெமூரியா என்ற மூழ்கிய கண்டம், 1864இல் ஸ்கிளேட்டர் என்ற விலங்கியலாளர் சொன்ன ஊகம். கண்டங்களே நகர்கின்றன என்று தெரிந்த பிறகு அதற்கு வேலை இல்லை. குமரிக்கண்டத்துக்கு இது போதும்.

கடைசிக் கேள்விக்குத்தான் கோபம் வந்தது. உங்கள் சலிப்பு எனக்குப் புரியாமல் இல்லை. ஆனாலும் ஒரு டீச்சர் இதைக் கேட்கலாமா? போன மாதம் ஓசூர் பக்கத்துக் கெலவரப்பள்ளி அணைக்குப் போய் வந்ததிலிருந்து இதையேதான் நினைத்துக்கொண்டிருக்கிறேன்.

கஜகஸ்தானுக்கும் உஸ்பெகிஸ்தானுக்கும் நடுவே அரல் கடல் என்று ஒன்று இருந்தது. உண்மையில் உப்பு ஏரி. 1960இல் சுமார் 68,000 சதுர கிலோமீட்டர், அதாவது தமிழ்நாட்டில் பாதிக்கு மேல். ஆமு தாரியா, சிர் தாரியா என்ற இரண்டு ஆறுகளை நம்பித்தான் இருந்தது. சோவியத் அரசு பருத்திக்காக இரண்டையும் வாய்க்கால்களில் திருப்பியது. அவற்றில் ஒன்றான காரகும் கால்வாய்க்கு அடியில் தளம்கூடப் போடவில்லை, பாலைவன மணல் ஏராளமாகக் குடித்தது. கடல் பின்வாங்கியது. அதன் கரையிலிருந்த மொய்னாக் துறைமுகத்தில் மீனை டின்னில் அடைக்கும் ஆலை இருந்தது. உள்ளூர் மீன் தீர்ந்ததும், எங்கோ தூரத்துக் கடல் மீனை உறையவைத்துக் கொண்டுவந்து ஆலையை ஓட்டினார்கள். இன்று அங்கே மணலில் கப்பல்கள் துருப்பிடித்து நிற்கின்றன. உப்பும் பூச்சிமருந்தும் கலந்த புழுதி ஊருக்குள் அடிக்கிறது. கடல் வட அரல், தென் அரல் என்று பிரிந்துபோனது; 2014இல் தென் அரலின் கிழக்குப் பகுதி முழுக்க வற்றிப்போனது.

ஆற்றின் மேல்பக்கம் பருத்தி போட்டவர்களில் பலர் அந்தக் கடலைப் பார்த்தே இருக்கமாட்டார்கள். அவர்களும் வறண்ட பூமிக்காரர்கள்தான் டீச்சர், நம்மைப் போல.

நான் காவேரிப்பட்டணத்தில் வளர்ந்தவன். கோடையில் தென்பெண்ணை மணலில் ஊற்று தோண்டுவோம். முதல் கலங்கலை இறைத்துவிட்டு, தெளிந்ததும் சொம்பில் மொண்டு குடிப்போம். அதே ஆறு கெலவரப்பள்ளி மதகைத் தாண்டி நுரையாகப் பொங்கிக்கொண்டிருந்தது. காற்றில் பறந்த நுரை பக்கத்து வயலில் கட்டி கட்டியாகக் கிடந்தது, கிட்டே போனால் மூக்கைப் பிடிக்க வேண்டியிருந்தது. பெங்களூரிலிருந்து வரும் கழிவு. கடலூர் பக்கம் கடலில் சேர்கிற ஆறு இது. வங்காள விரிகுடா என்ற பெயர் நம் பிள்ளைகளுக்கு எதற்கு என்று இனியும் கேட்பீர்களா?

அப்புறம், வட அரலின் கதையையும் விட்டுவிடாதீர்கள். 2005இல் கோக்அரல் அணையைக் கட்டி சிர் தாரியாவின் தண்ணீரைத் தேக்கினார்கள். நீர்மட்டம் ஏறியது, உப்பு குறைந்தது, மீனும் மீனவர்களும் திரும்பி வந்தார்கள்.

இந்த வருடப் பள்ளிச் சுற்றுலாவும் ஒகேனக்கல்தானா? பிள்ளைகளைக் கடலூருக்குக் கூட்டிப்போங்கள். பஸ் வாடகைக்குக் குறைந்தால் எழுதுங்கள், என்னால் ஆனதைத் தருகிறேன்.