இரண்டு காட்சியில் நடித்தாயிற்று, அடுத்து?

கேள்வி: கானாடுகாத்தானில் நடந்த ஒரு சின்ன பட்ஜெட் படப்பிடிப்பில் கணக்குப்பிள்ளையாக இரண்டு காட்சியில் நடித்தேன். வயது 54. தொடர்ந்து குணச்சித்திர வேடங்கள் செய்ய ஆசை. ஒருவர், 'ஆர்ட்டிஸ்ட் கார்டு வாங்கித் தருகிறேன், 25,000 ரூபாய் கொடுங்கள்' என்கிறார். கொடுக்கலாமா? – வாசகர், காரைக்குடி

பதில்: கொடுக்காதீர்கள். சுயாதீனப் படங்களுக்கு முகம் தேடி அலைபவர்கள் பெரும்பாலும் உதவி இயக்குநர்கள். அவர்கள் கேட்பது கார்டை அல்ல, ஆடிஷன் வீடியோவை. உங்களை நடிக்க வைத்த படத்தின் உதவி இயக்குநர்களோடு தொடர்பை விட்டுவிடாதீர்கள். நாளை அவர்களே படம் இயக்குவார்கள்.

வீடியோவை வீட்டிலேயே எடுக்கலாம். போனைக் கிடைமட்டமாக, கண் உயரத்தில் நிறுத்துங்கள். நெஞ்சுக்கு மேல் தெரிந்தால் போதும். வளவில், அதாவது வீட்டின் திறந்த நடுமுற்றத்தில், உச்சி வெயில் நேரத்தில் எடுத்தால் கண் குழியில் நிழல் விழும், கண் தெரியாத நடிப்பு வீண். காலையில் வெளிச்சத்தைப் பார்த்து உட்காருங்கள். நம் வீடுகளின் இன்னொரு தொல்லை எதிரொலி. வழவழப்பான சுண்ணாம்புச் சுவரும் ஆத்தங்குடித் தரைக்கல்லும் குரலைத் திருப்பி அடிக்கும். சின்ன அறைக்குப் போய் ஜமுக்காளம் விரித்து எடுங்கள். பெயர், வயது, உயரம், ஊர் சொல்லி, இரு பக்கமும் முகத்தைத் திருப்பிக் காட்டிவிட்டு, ஒரு நிமிடக் காட்சி நடியுங்கள். வாட்ஸ்அப்பில் வீடியோவாக அனுப்பினால் தரம் குறையும், டாக்குமென்டாக அனுப்புங்கள். பேச்சில் நம் ஊர் வாடையைத் துடைக்காதீர்கள். 'அப்பச்சி' என்று இயல்பாக வரும் வாய் லேசில் கிடைக்காது.

செட்டில் உங்களை மறுபடி கூப்பிட வைப்பது கன்டினியூட்டிதான். வைடு ஷாட்டில் எந்தச் சொல்லில் டம்ளரை எடுத்தீர்களோ, குளோசப்பிலும் அதே சொல்லில், அதே கையால் எடுக்க வேண்டும். மாறினால் எடிட்டரால் இரண்டையும் ஒட்ட முடியாது, உங்கள் குளோசப்பே போய்விடும். லைவ் சவுண்ட், அதாவது படப்பிடிப்பிலேயே குரலைப் பதிவு செய்வது என்றால், கஞ்சி போட்ட வேட்டி சரசரக்கும், துவைத்து மென்மையானதைக் கேட்டு வாங்குங்கள். எதிரில் இருப்பவரின் வசனத்தின் மேல் ஏறிப் பேசாதீர்கள்.

சம்பளம் கேட்கக் கூச்சமே வேண்டாம். எத்தனை நாள், ஒரு நாளுக்கு எவ்வளவு, பயணச் செலவு, பேட்டா, டப்பிங் நாளுக்குத் தனிப் பணமா, எப்போது கைக்கு வரும் என்பதை ஒரு பக்கத்தில் எழுதி வாங்குங்கள். படம் வெளியானதும் உங்கள் காட்சித் துணுக்கைத் தருவதாகவும் அதில் இருக்கட்டும். அடுத்த வாய்ப்புக்கு அதுதான் உங்கள் ஷோரீல், அதாவது நடிப்பைக் காட்டும் மாதிரி வீடியோ.

இப்போதைய படத்தில் பேட்ச் ஒர்க் (விடுபட்ட ஷாட்களைப் பிறகு எடுப்பது) முடிந்துவிட்டதா என்று கேட்டுக்கொள்ளுங்கள். அதுவரை மீசையில் கை வைக்காதீர்கள், நரைக்குச் சாயமும் வேண்டாம்.