கையெழுத்து வாங்கினால் போதுமா?

அன்புள்ள ஐயா,

தொல்குடி மக்களின் பண்பாட்டைப் பற்றிச் சுயாதீனமாக ஆவணப்படம் எடுப்பதையே தொழிலாகக் கொள்ள விரும்புகிறேன். கேமரா இருக்கிறது. ஒப்புதல் படிவத்தில் கையெழுத்து வாங்கிவிட்டால் படப்பிடிப்பைத் தொடங்கலாமா? வேறு எதில் கவனம் வேண்டும்?

க.

அன்புள்ள க.,

போதாது. கையெழுத்துப் போடுவது ஒரு ஆள். பாட்டும் சடங்கும் ஒரு குடிக்கே சொந்தம். தொல்குடி உரிமைகள் குறித்த ஐ.நா. பிரகடனம் (2007) சொல்லும் ஒப்புதல் வற்புறுத்தலின்றி, முன்கூட்டியே, விவரம் தெரிந்து தரப்படுவது. மூன்று முறை கேளுங்கள்: கேமராவை எடுக்கும் முன், எடுத்ததைப் போட்டுக் காட்டும்போது, ரஃப் கட் (காட்சிகளை வரிசையாக வெட்டிச் சேர்த்த முதல் வடிவம்) முடிந்ததும். மூன்றாவதுதான் முக்கியம். தனியாகப் பார்க்கையில் உறுத்தாத காட்சி, இன்னொன்றின் பக்கத்தில் வைத்ததும் பொருள் மாறிவிடும். அதற்குப் பிறகே பிக்சர் லாக், அதாவது இனி வெட்டு மாறாது என்று முடிவு செய்வது; ஒலிக்கலவையும் வண்ணத்திருத்தமும் அதற்கும் பிறகு. ரஃப் கட்டைக் காட்டத் திரும்பிப் போகும் பயணச் செலவை முதல் பட்ஜெட்டிலேயே எழுதிவிடுங்கள், பின்னால் யாரும் தரமாட்டார்கள்.

படத்தில் இருப்பவர் இறந்துபோனால் யாரைக் கேட்பது என்பதும் படிவத்தில் இருக்கட்டும். ஆஸ்திரேலியத் தொல்குடிகள் பலரிடம் இறந்தவரின் பெயரையும் முகத்தையும் துக்க காலத்தில் தவிர்க்கும் வழக்கம் உண்டு. அங்கே படத்தின் தொடக்கத்தில் எச்சரிக்கை அட்டை போடுவது அதனால்தான்.

பலர் சறுக்குவது மொழியில். ஒரு மணி நேரப் பேச்சை எழுதி மொழிபெயர்க்க ஒரு முழு நாளாவது போகும். நாற்பது மணி நேரம் எடுத்தால் நாற்பது நாள். சுருக்கம் எழுதி வாங்காதீர்கள், ஒவ்வொரு வாக்கியத்துக்கும் டைம்கோடு (பதிவில் அது வரும் நேரக் குறி) வேண்டும். நம் மொழியையே பாருங்கள்: “அந்த மலையில நாங்க மரம் வெட்டினது இல்ல.” மொழி தெரியாத எடிட்டர் அரை நொடி முன்னால் வெட்டினால், அந்தப் பெரியவர் மரம் வெட்டியதாகிவிடும். லாக் செய்யும் முன் அந்த மொழிக்காரர் ஒருவர் சப்டைட்டிலை மறைத்துவிட்டு, காதால் மட்டும் ஒருமுறை முழுக்கக் கேட்க வேண்டும். அதற்குக் கூலியும் டைட்டிலில் பெயரும் கொடுங்கள்.

ஒவ்வொரு இடத்திலும் பேச்சில்லாமல் ஒரு நிமிடச் சூழல் ஒலி பதியுங்கள்; எடிட்டில் அதை அடியில் ஓடவிடாவிட்டால் வெட்டும் இடமெல்லாம் ஒலி காதில் குதிக்கும்.

ஆவணப்பட முன்னோடி ராபர்ட் ஃப்ளாஹர்ட்டி ஆர்க்டிக்கில் எடுத்துவந்த நெகட்டிவ், சுமார் 30,000 அடி, 1916-இல் ஒரு சிகரெட் நெருப்பில் எரிந்துபோனது. திரும்பப் போய் எடுத்தபோது, படச்சுருளை அங்கேயே கழுவி, அங்குள்ள தொல்குடிகளான இனுயிட் மக்களுக்குப் போட்டுக் காட்டினார். மடிக்கணினி வைத்திருக்கும் நாம் அதைச் செய்யாமலிருக்கச் சாக்கே இல்லை. உங்கள் ஃபுட்டேஜுக்கு மூன்று பிரதி, அதில் ஒன்று வேறு ஊரில். செக்சம் (பிரதி மூலத்தோடு அப்படியே ஒத்திருக்கிறதா என்று காட்டும் எண்) சரிபார்க்கும்வரை கார்டை ஃபார்மட் செய்யாதீர்கள்.

வருமானம் பெரும்பாலும் பிறருக்கு ஒளிப்பதிவும் எடிட்டிங்கும் செய்துதான் வரும். சொந்தப் படம் மெதுவாகவே நகரும். தொல்குடி மக்களே இன்று படம் எடுக்கிறார்கள். கனடாவில் இனுயிட் இயக்குநர் சகாரியஸ் குனுக்கும் நண்பர்களும் 1990-இல் தொடங்கிய இசுமா என்ற பட நிறுவனம் அப்படிப்பட்டது. ஆகவே அந்த ஊர்க்காரர் ஒருவரை இணை இயக்குநராகச் சேருங்கள். ஒப்பந்தத்தில் இரண்டு வரி கட்டாயம்: மிஞ்சிய ஃபுட்டேஜை அவர்களைக் கேட்காமல் ஸ்டாக்காக (பிறர் தங்கள் படங்களில் போட்டுக்கொள்ள) விற்கக் கூடாது, வெட்டாத முழுப் பதிவின் ஒரு பிரதி, யார் எப்போது எங்கே பேசியது என்ற பட்டியலோடு, அவர்களிடம் சேர வேண்டும்.