லிங்கனின் கடையும் புரோநோட்டும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

ஆபிரகாம் லிங்கன் கடையில் இருந்த காலத்தில் ஒரு பெண்மணியிடம் ஆறேகால் சென்ட் கூடுதலாக வாங்கிவிட்டாராம். கடையடைத்தபின் மைல்கணக்கில் நடந்துபோய்த் திருப்பிக் கொடுத்தாராம். என் வகுப்புப் பிள்ளைகளுக்கு இதைச் சொல்லப்போகிறேன். இவ்வளவு நேர்மையானவரின் கடை ஏன் நொடித்தது? கூட்டாளி பெர்ரியின் குடிதான் காரணமா?

ச.

அன்புள்ள ச.,

ஆறேகால் சென்ட்டை விட்டுத்தள்ளுங்கள். நடந்திருக்கலாம். ஆனால் அது அவர் 1831-ல் ஆஃபட் என்பவரிடம் சம்பளத்துக்கு நின்ற கடையைப் பற்றிச் சொல்லப்படும் கதை. நொடித்தது வேறு கடை.

பெர்ரி குடித்தார் என்றுதான் சொல்கிறார்கள். அதனால் கடை போயிற்று என்று எழுதுபவர்கள் கணக்கைப் பார்க்காத சோம்பேறிகள். நீங்களும் அந்த வரிசையில் போய் நிற்காதீர்கள்.

அமெரிக்காவின் இலினாய் மாநிலத்தில் நியூ சேலம் என்ற ஊரில், அதிகம் போனால் 25 குடும்பங்கள். அங்கே 1832-ல் லிங்கன் ஒரு கடையில் பங்கு வாங்கினார், ரொக்கத்துக்கு அல்ல, இன்ன கெடுவுக்குள் தருகிறேன் என்று எழுதிக்கொடுக்கும் புரோநோட்டுக்கு. 1833 ஜனவரியில் அதே ஊரில் ரேட்ஃபோர்டு என்பவரின் கடையைப் போக்கிரிகள் அடித்து நொறுக்க, வெறுத்துப்போன அவர் சரக்கை கிரீன் என்ற இளைஞரிடம் 400 டாலருக்குத் தள்ளினார். அதிலும் பெரும்பகுதி புரோநோட்டுதான். கிரீன் உடனே லாபம் வைத்து லிங்கன், பெர்ரி தலையில் கட்டினார். கிரீன் எழுதிய நோட்டையும் இவர்களே ஏற்றுக்கொண்டார்கள்.

இப்போது கல்லாவைப் பாருங்கள். குடியானவன் அறுப்பு முடிந்ததும் தருகிறேன் என்று சாமான் வாங்கிப் போவான், அல்லது தோலும் தேனும் கொடுத்துக் கழிப்பான். வர வேண்டியது வாய்க்கணக்கு. கொடுக்க வேண்டியது கெடு எழுதிய நோட்டு. அந்த நோட்டும் கைமாறக்கூடியது. முகம் அறிந்த ரேட்ஃபோர்டிடம் தவணை கேட்கலாம். நோட்டு வான் பெர்கன் என்ற வேறொருவர் கைக்குப் போனதும் வழக்காயிற்று. 1833 மார்ச்சில் 7 டாலர் கட்டிச் சாராய உரிமமும் எடுத்துப் பார்த்தார்கள். அரை பைண்ட், அதாவது ஏறக்குறைய கால் லிட்டர், விஸ்கி பன்னிரண்டரை சென்ட். எத்தனை அரை பைண்ட் விற்றால் ஒரு நோட்டு அடையும்?

1835 ஜனவரியில் பெர்ரி செத்துப்போக, கூட்டுப் பொறுப்பு என்பதால் முழுக்கடனும் லிங்கன் தலையில் விழுந்தது. சுமார் 1,100 டாலர். ‘தேசியக் கடன்’ என்று கேலியாகச் சொல்லிக்கொள்வார். குதிரையும் நிலம் அளக்கும் கருவிகளும் ஜப்தியாகி ஏலத்துக்கு வந்தன. ஜேம்ஸ் ஷார்ட் என்ற நண்பர் 120 டாலருக்கு எடுத்துத் திருப்பிக் கொடுத்தார். நல்ல மனிதர், அவரைப் பற்றி யார் பாடம் நடத்துகிறார்கள்?

1834-ல் லிங்கன் சட்டமன்ற உறுப்பினர் ஆனார். நாளுக்கு 3 டாலர் படி. தலைநகர் வண்டேலியாவுக்குப் புறப்படவே 200 டாலர் கடன், அதில் 60 டாலர் ஒரு சூட்டுக்கு. 1832-ல் முதல்முறை நின்று தோற்றபோது வெளியிட்ட அறிக்கையிலேயே கந்துவட்டிக்குச் சட்ட வரம்பு வேண்டும் என்று எழுதியவர் இவர். எனக்கு அவர்மேல் பிரியம் வருவதும், கோபம் வருவதும் இங்கேதான். 1837-ல் கால்வாய், ரயில், சாலை என்று ஒரு கோடி டாலருக்குக் கடன் வாங்கும் சட்டத்தைத் தூக்கிப்பிடித்தவர்களில் அவரும் ஒருவர். வருமானம் பிறகு வரும், கெடு மட்டும் இப்போதே ஓடும். ரேட்ஃபோர்டின் நோட்டு கற்றுக்கொடுத்தது இதைத்தானே! அதே ஆண்டு நாடு முழுக்கப் பீதி, வங்கிகள் முடங்கின. 1840களின் தொடக்கத்தில் இலினாயால் வட்டியே கட்ட முடியவில்லை. வேலைகள் பாதியில் நின்றன.

நியூ சேலமும் மிஞ்சவில்லை. நதியில் நீராவிப் படகு வரும் என்ற கனவு பொய்த்தது, பக்கத்தில் பீட்டர்ஸ்பர்க் வளர்ந்தது. அந்தப் பீட்டர்ஸ்பர்க்கை 1836-ல் அளந்து கொடுத்தவர் லிங்கன்!

பிள்ளைகளுக்குச் சொல்வதென்றால் 1848-ஐச் சொல்லுங்கள். வாஷிங்டனில் நாடாளுமன்ற உறுப்பினராக இருந்தபோதும் சம்பளத்தில் ஒரு பகுதியை அந்தப் பழைய நோட்டுகளுக்கு அனுப்பிக்கொண்டிருந்தார் என்று அவருடைய வழக்கறிஞர் தொழில் கூட்டாளி ஹெர்ண்டன் எழுதிவைத்திருக்கிறார். அதை மதிப்பிட அவர்களுக்கு வட்டிக்கணக்கு தெரிந்திருக்க வேண்டும். முதலில் அதைக் கற்றுக்கொடுங்கள்.