பதில்: அரிசி சப்ளைக்கு வருவாய் மீட்பு நோட்டீஸ்

வணக்கம் அண்ணே. தக்கலைப் பக்கம் அரசு விடுதிக்கு அரிசி கொடுத்தீர்கள். தரமில்லை என்று ஒப்பந்தத்தை ரத்து செய்துவிட்டு, வெளியில் வாங்கிய கூடுதல் விலையை நிலவரி பாக்கி போல வசூலிக்க நோட்டீஸ் விட்டிருக்கிறார்கள். இதுதானே விஷயம்?

தரக்குறைவு என்பதை நீங்கள் எழுத்தில் மறுத்தீர்களா? எல்லாம் அதில்தான் நிற்கிறது. கர்நாடக அரசுக்கும் ஓர் அரிசி ஆலைக்கும் நடந்த வழக்கில் 1987-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது: ஒப்பந்த மீறல் நடந்ததா என்பதே தகராறு என்றால், ஒப்பந்தத்தின் ஒரு தரப்பான அரசே அதற்குத் தீர்ப்பு சொல்ல முடியாது. மீறலை நீங்கள் ஒப்புக்கொண்டிருந்தால் கதை வேறு.

அதனால் "தவணை கொடுங்கள் ஐயா" என்று மட்டும் மனு எழுதிவிடாதீர்கள். மார்த்தாண்டத்தில் என் மைத்துனர் அப்படி எழுதினார். அந்தக் கடிதத்தையே அவருக்கு எதிராகக் காட்டினார்கள்.

நம் கன்னியாகுமரி மாவட்டத்துக்கு ரிட் மனு, அதாவது அரசின் நடவடிக்கையை எதிர்த்து நேரடியாக உயர் நீதிமன்றத்தில் போடும் மனு, மதுரைக் கிளையில்தான். தகராறு வந்தால் நடுவரிடம் தீர்த்துக்கொள்ள வேண்டும் என்ற நடுவர் மன்றப் பிரிவு ஒப்பந்தத்தில் இருந்தால், நீதிமன்றம் உங்களை அங்கே போகச் சொல்லலாம். வசூலுக்குத் தடை கிடைத்தாலும் ஒரு பகுதியைக் கட்டச் சொல்வது உண்டு, கையில் கொஞ்சம் பணம் வைத்திருங்கள். சிவில் வழக்கு என்றால் அரசுக்கு 2 மாத முன்னறிவிப்பு வேண்டும். அவசரத்துக்கு நீதிமன்ற அனுமதியோடு உடனே போடலாம்.

விடுதியில் கையெழுத்துப் போட்டு வாங்கிய டெலிவரி சலான் இருக்கிறதா? அதையும் நோட்டீஸ் வந்த கவரையும் எடுத்துக்கொண்டு இந்த வாரமே வக்கீலைப் பாருங்கள்.