செட்டிநாட்டுக்கு என்ன செய்தார்? – கடிதம்

அன்புள்ள ஐயா,

நான் தேவகோட்டைக்காரன். பெங்களூரில் வேலை. ப.சிதம்பரம் 1984 முதல் 2009 வரை சிவகங்கையில் ஏழு முறை ஜெயித்தவர். அவர் செட்டிநாட்டுக்கு என்ன செய்தார்? பூட்டிக் கிடக்கும் வீடுகள்தான் மிச்சம். 2016-இல் மகாராஷ்டிரத்திலிருந்து மாநிலங்களவைக்குப் போனாரே, அது எப்படி? இப்போது மகன். இதையெல்லாம் நீங்கள் ஏன் எழுதுவதில்லை?

ஒரு வாசகர்

அன்புள்ள தம்பி,

மகாராஷ்டிர விஷயம் சுலபம். மாநிலங்களவைக்கு நிற்பவர் அந்த மாநிலத்து வாக்காளராக இருக்க வேண்டும் என்ற விதியை 2003-இல் எடுத்துவிட்டார்கள். 2006-இல் உச்ச நீதிமன்றமும் செல்லும் என்றது. எனக்கு அதில் உடன்பாடில்லை, ஆனால் பல கட்சிக்காரர்களும் போன வழிதான் அது. 2022-இல் தமிழ்நாட்டிலிருந்தே போனார். மகனைப் பற்றி, ஓட்டுப் போட்டவர்களிடம் கேள்.

உன் முதல் கேள்விதான் என்னைப் பிடித்துக்கொண்டது. கொஞ்ச நாளாகவே இதை மனதில் போட்டு உருட்டிக்கொண்டிருக்கிறேன். "ஊருக்கு என்ன செய்தார்" என்ற இந்தக் கேள்வியை நமக்குப் பழக்கியது, 1993 டிசம்பரில் வந்த எம்.பி. தொகுதி மேம்பாட்டு நிதி. சட்டம் செய்யப் போனவரை அது நிழற்குடை கட்டுகிறவராக ஆக்கிவிட்டது. இப்போது வருடத்துக்கு 5 கோடி. சிவகங்கைத் தொகுதி திருமயம், ஆலங்குடி வரை நீள்கிறது, மொத்தம் 6 சட்டமன்றத் தொகுதிகள். வகுத்துப் பார், ஒன்றுக்கு 83 லட்சம். அதை வைத்தா ஒருவரை எடைபோடுவாய்? படித்த பிள்ளை நீ!

எங்கள் அப்பச்சி, அதாவது அப்பா, பினாங்கில் அடுத்தாளாக (மேலாளுக்கு அடுத்த உதவியாளாக) இருந்து கணக்கு எழுதியவர். பழுத்த காங்கிரஸ்காரர். 1962-இல் காரைக்குடியில் சுதந்திராக் கட்சியின் சா.கணேசன் ஜெயித்தபோது இரண்டு நாள் யாரிடமும் சரியாகப் பேசவில்லை. ஆனால் சட்டசபை நடக்கிற நாட்களில் பேப்பர் வந்ததும் முகப்பில் உட்கார்ந்து, "நம்ம மெம்பர் என்ன பேசியிருக்கார்?" என்றுதான் தேடுவார். பேசியிருந்தால் வெட்டி, பழைய பேரேட்டில் ஒட்டி, பக்கத்தில் பென்சிலால் 'சரி', 'தப்பு' என்று எழுதுவார். பற்று வரவு பார்க்கிற அதே முகம். 1939-இல் கம்பன் கழகம் தொடங்கி, விழாவைக் குறித்த நிமிடத்தில் ஆரம்பிக்கிற மனிதரான கணேசன், சென்னையில் அந்தச் சபையோடு எப்படிக் காலம் தள்ளுகிறாரோ என்று சிரிப்பார். தான் ஓட்டுப் போடாதவரின் பேச்சைத்தான் அப்படிச் சேர்த்து வைத்தார். ரோடு வந்ததா, விளக்கு வந்ததா என்று அவர் கேட்டு நான் கேட்டதில்லை. அது பஞ்சாயத்து போர்டில் கேட்கிற கேள்வி.

சிதம்பரத்தோடு சண்டை போட வேண்டுமா? தாராளமாகப் போடு. வருமான வரியின் உச்ச விகிதத்தை 40 சதவீதத்திலிருந்து 30 ஆக்கிய 1997 பட்ஜெட் உரையை எடு. விவசாயக் கடன் தள்ளுபடிக்கு 60,000 கோடி என்று 2008-இல் சொன்னதை எடு. மக்களவை விவாதங்கள் முழுக்க இணையத்தில் இலவசமாகக் கிடக்கின்றன. இன்னொன்றும் சொல்கிறேன். நூறு நாள் வேலைத் திட்டம் 2006 பிப்ரவரியில் மிகவும் பின்தங்கிய 200 மாவட்டங்களில் தொடங்கியது. தமிழ்நாட்டில் ஆறு. அதில் சிவகங்கையும் உண்டு. நிதியமைச்சர் யார்? இவரேதான். அதற்குள் ஆறு முறை ஜெயித்திருந்தவரின் மாவட்டம் ஏன் அந்தப் பட்டியலில் இருந்தது என்று நீ கேட்டிருந்தால் எழுந்து நின்று கை தட்டியிருப்பேன்.

பூட்டிய வீடுகளைப் பற்றி நீ எழுதிய வரி உறுத்தியது, உண்மைதான். ஆனால் அந்தப் பூட்டை எந்த எம்.பி.யும் போடவில்லை. பங்காளிகள் இருபது பேர் கையெழுத்துக்கு ஒரே நாளில் கூடுகிற ஊரா நம் ஊர்?

அப்புறம் ஒரு விஷயம். 2024 ஏப்ரல் 19, வெள்ளிக்கிழமை, நமக்கு வாக்குப்பதிவு. சனி, ஞாயிறு சேர்ந்து வந்த விடுமுறை. நீ தேவகோட்டைக்கு வந்தாயா, இல்லையா? கடிதத்தில் அதைக் காணோமே.