முதுகில் படும் காற்று

அன்புள்ள அம்மா,

வணக்கம். 12 வயது மகளுக்குக் காற்றடைத்த துடுப்புப் பலகை ஒன்று வாங்கிக் கொடுத்திருக்கிறேன். எந்த நாளில் கடலில் இறக்கலாம் என்று பார்க்கச் செயலியைத் திறந்தால் தலை சுற்றுகிறது. 'கிழக்குக் காற்று' என்று எழுதியிருக்கிறது, அம்புக்குறியோ மேற்கைக் காட்டுகிறது. எதை நம்புவது? பகலில் கடல் காற்று, இரவில் நிலக் காற்று என்று பள்ளியில் படித்ததால், பகலில் பயமில்லை என்றே நினைக்கிறேன். போன வாரம் காற்று கரையிலிருந்து கடல் பக்கமாக வீசியபோது தண்ணீர் குளம் மாதிரி இருந்தது. அப்படிப்பட்ட நாள்தானே குழந்தைகளுக்கு நல்லது? அலைச்சறுக்குக்காரர்களும் அந்தக் காற்றைத்தான் கொண்டாடுகிறார்கள். நல்ல செயலி ஒன்றும் சொல்லுங்கள்.

— ஒரு வாசகர்

அன்புள்ள தம்பி,

கடலைப் பற்றிய கேள்விகளுக்கு நான் பதில் எழுதுவதில்லை. அதற்குக் கடலோடிகள் இருக்கிறார்கள். ஆனால் 'குளம் மாதிரி' என்று எழுதிவிட்டீர்கள். அந்த இரண்டு சொல்லை நான் ஐம்பது வருடத்துக்கும் மேலாக மனதில் போட்டு உருட்டிக்கொண்டிருக்கிறேன். அதனால்தான் உட்கார்ந்தேன்.

முதலில் அம்புக்குறியை முடித்துவிடுவோம். இரண்டுமே சரி. காற்றுக்கு அது புறப்பட்டு வரும் திசையை வைத்துத்தான் பெயர். கிழக்கேயிருந்து வருவது கிழக்குக் காற்று. அது மேற்கே போவதால் உங்கள் செயலி மேற்கே அம்பு போட்டிருக்கிறது. பாகையில் சொன்னாலும் அதே கணக்குதான்: 90 என்றால் கிழக்கிலிருந்து, 270 என்றால் மேற்கிலிருந்து. கூரை உச்சியில் சுழலும் உலோகச் சேவல் காற்று வரும் பக்கத்தைப் பார்க்கும். விமான நிலையத்தில் தொங்கும் துணிக்குழாயின் வால் காற்று போகும் பக்கம் பறக்கும். நீரோட்டத்துக்கு இது தலைகீழ். அதற்குப் போகும் திசைதான் பெயர். கிழக்குக் காற்றும் கிழக்கு நீரோட்டமும் நேருக்கு நேர் மோதிக்கொள்ளும் இரண்டு ஆட்கள்.

தமிழ் பேசுகிறவருக்கு இந்தக் குழப்பம் வந்ததில்தான் எனக்கு வருத்தம். தெற்கிலிருந்து வந்தால் தென்றல், வடக்கிலிருந்து வந்தால் வாடை, கிழக்கிலிருந்து கொண்டல், மேற்கிலிருந்து கோடை. நான்கு திசைக்கும் நான்கு பெயர், நான்கும் எங்கிருந்து வருகிறாய் என்ற கேள்விக்கான பதில். கோடை என்றால் நமக்கு இப்போது வெயில்காலம் மட்டும்தான் நினைவில் நிற்கிறது. தென்றல் என்றால் ஏதோ இதமான காற்று, அவ்வளவுதான். திசையைத் தொலைத்துவிட்டு இதத்தை மட்டும் வைத்துக்கொண்டோம். சரி, இதை ஆரம்பித்தால் நிறுத்தமாட்டேன்.

திசையின் பெயரை மட்டும் வைத்துக்கொண்டு கரையில் ஒன்றும் செய்ய முடியாது. கிழக்கைப் பார்த்த கரையில் கிழக்குக் காற்று கரையேறி வரும். மேற்கைப் பார்த்த கரையில் அதே காற்று உங்களைக் கடலுக்குள் தள்ளும். கரை வளைந்து போகும் இடமென்றால் அரை மணி நேரம் நடந்தாலே போதும், முகத்தில் அறைந்த காற்று பக்கவாட்டுக்கு வந்து, அப்புறம் முதுகுக்கு வந்துவிடும். காற்று திரும்பவில்லை, கரை திரும்பியிருக்கிறது. ஆகவே செயலியைப் பையில் போடுங்கள். கடலைப் பார்த்து நில்லுங்கள். முகத்தில் படுகிறதா, முதுகில் படுகிறதா? கரையில் நிற்கிறவர் தெரிந்துகொள்ள வேண்டியது இது ஒன்றுதான்.

பள்ளிப் பாடத்தைப் பற்றி எழுதியிருப்பதைப் படித்தபோது கோபமே வந்தது. பாடம் பொய்யில்லை. வெயிலில் நிலம் சீக்கிரம் சூடேறுகிறது, கடல் மெதுவாக. நிலத்தின் மேலுள்ள காற்று மேலெழும்ப, அந்த இடத்துக்குக் கடலிலிருந்து குளிர்ந்த காற்று வருகிறது. இரவில் நிலம் சீக்கிரம் குளிர்ந்துவிடுவதால் எல்லாம் எதிர்ப்பக்கம் நடக்கிறது, வேகம் சற்றுக் குறைவாக. ஆனால் இதெல்லாம் பெரிய காற்று ஓய்ந்திருக்கும் நாளில் நடக்கும் சின்னச் சுழற்சி. பல நூறு கிலோமீட்டர் அகலத்துக்கு அழுத்த வேறுபாடு உண்டாகி, நிலத்திலிருந்து கடலுக்கு ஒரு பெரிய காற்று வீசுகிறது என்றால், கடல் காற்று அன்றைக்குப் பிந்தி வரும், அல்லது வரவே வராது. மணி பதினொன்று ஆகிவிட்டதே என்று காற்றிடம் போய்ப் பாடப்புத்தகத்தைக் காட்டுவீர்களா? போன வாரம் கரையிலிருந்து கடலுக்கு வீசியதாக நீங்களே எழுதுகிறீர்கள். அது பகலில்தானே? கண்ணால் கண்டதை விட்டுவிட்டு மனப்பாடம் செய்ததைப் பிடித்துக்கொண்டு நிற்கலாமா, தம்பி?

இப்போது குளத்துக்கு வருகிறேன்.

எனக்கு அப்போது 11 வயது. லாரி டியூப் ஒன்றில் காற்றடித்துக் கொடுத்து, இடுப்பளவுத் தண்ணீருக்குள் மட்டும் மித என்று சொல்லிவிட்டுச் சித்தப்பா மணலில் உட்கார்ந்தார். கரைக்குப் பின்னால் அடர்ந்த மரவரிசை. காற்றே இல்லை என்று எல்லோரும் சொன்னார்கள். தண்ணீர் கண்ணாடியாகக் கிடந்தது. நான் டியூபில் மல்லாந்து படுத்து வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். எவ்வளவு நேரம் என்று தெரியாது. தலையைத் தூக்கியபோது ஆட்கள் விரல் அளவுக்கு இருந்தார்கள். மரவரிசையின் உச்சி ஒரு பக்கமாகச் சாய்ந்து ஆடுவது அங்கிருந்துதான் தெரிந்தது. கரையிலிருந்து பார்த்தபோது அது யார் கண்ணிலும் படவில்லை.

கத்தினேன். கரையில் யாரோ வைத்திருந்த டிரான்சிஸ்டரின் பாட்டு எனக்குத் தெளிவாகக் கேட்டது. அம்மா யாரையோ சாப்பிடக் கூப்பிட்டது கேட்டது. ஆகவே நான் கத்துவதும் அவர்களுக்குக் கேட்கும் என்று நம்பினேன். அம்மா என்னைப் பார்த்துக் கையசைத்தாள். நானும் இரண்டு கையையும் தூக்கி அசைத்தேன். அவள் திரும்பவும் அசைத்தாள்.

எதிர்க்காற்றில் குரல் போகாது என்பது எனக்குப் பிற்பாடுதான் தெரிந்தது. மேலே போகப் போகக் காற்று வேகமாக வீசுவதால், காற்றை எதிர்த்துப் போகும் ஒலி மேல்நோக்கி வளைந்து, கேட்க வேண்டியவரின் தலைக்கு மேலே போய்விடுகிறது. காற்றோடு போகும் ஒலியோ கீழே வளைந்து வந்து சேர்கிறது. அவர்கள் பேச்சு எனக்கு வந்தது, என் கூச்சல் அவர்களுக்குப் போகவில்லை. பல வருடம் கழித்துச் சித்தப்பா சொன்னார்: "வாய் திறந்து மூடுறது தெரிஞ்சுது. நீ சிரிக்கிறேன்னு நெனச்சோம்."

அவர்தான் முதலில் சந்தேகப்பட்டார். நீந்தி வந்தார், நன்றாக நீந்துகிறவர். எனக்கும் அவருக்கும் நடுவே இருந்த தூரம் முதலில் குறைந்தது. மரங்களின் மறைவு முடிந்த இடத்துக்குப் பிறகு குறையவில்லை; கூடியது. டியூப் தண்ணீருக்கு மேலே உப்பி நிற்பது, காற்றுக்கு அது பாய்மரம். மனிதத் தலை தண்ணீரோடு தண்ணீராக இருப்பது. ஓர் இடத்தில் அவர் நின்றுவிட்டார். திரும்பிப் போவதா, தொடர்வதா என்று யோசிக்கிறார் என்பது எனக்கு அந்த வயதிலேயே புரிந்தது. திரும்பிப் போனார். டியூபை விட்டுவிட்டு நீந்த எனக்கு நீச்சல் தெரியாது; அதுதான் என்னைக் காப்பாற்றியது. ஒரு படகு வந்து என்னை ஏற்றிக்கொண்டது. கரையில் சித்தப்பா என் கன்னத்தில் ஓர் அறை விட்டார், பிறகு மணலில் உட்கார்ந்து அழுதார். திரும்பிப் போனதற்காக அவர் என்னிடம் ஒரு தடவைகூட மன்னிப்புக் கேட்டதில்லை. கேட்க ஒன்றும் இல்லை, நீந்தியிருந்தால் இரண்டு பேரும் போயிருப்போம். ஆனால் அவர் அதை அப்படி எடுத்துக்கொள்ளவில்லை என்று எனக்குத் தெரியும்.

ஏன் குளமாக இருந்தது என்று கேளுங்கள். அலை எழுப்பக் காற்றுக்கு ஓட இடம் வேண்டும். கடலிலிருந்து வரும் காற்று நீண்ட தூரம் தண்ணீரின் மேல் ஓடி, அலையை வளர்த்துக்கொண்டு வருகிறது. நிலத்திலிருந்து வரும் காற்று கரையோரத்தில் இப்போதுதான் தண்ணீரைத் தொட்டிருக்கிறது, ஓட்டமே ஆரம்பிக்கவில்லை. உள்ளே போகப் போக அலை வளரும். அதையும் நீங்கள் கரையிலிருந்து சரியாகப் பார்க்க முடியாது, ஏனென்றால் அலைகள் உங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு போகின்றன. நுரைத்து உடையும் முகம் அந்தப் பக்கம். மரமோ மணல்மேடோ கட்டடமோ பின்னால் இருந்தால் காற்றுகூட உங்கள் மேல் படாது. தோலுக்கும் கண்ணுக்கும் காதுக்கும் ஒரே நேரத்தில் பொய் சொல்லும் காற்று இது ஒன்றுதான். அதைத்தான் நீங்கள் நல்ல நாள் என்கிறீர்கள்.

வேகம் இரட்டிப்பானால் காற்றின் தள்ளுவிசை நான்கு மடங்காகும். 10 நாட் வேகத்தில் (ஒரு நாட் என்றால் மணிக்கு ஒரு கடல் மைல்) சமாளித்த பிள்ளை 20 நாட் வேகத்தில் பாதியாவது சமாளிக்கும் என்று கணக்குப் போடாதீர்கள்.

கரைநோக்கி வீசும் காற்று நல்ல பிள்ளை என்று சொல்லவில்லை. அது தண்ணீரைக் கலக்கும், பலகையில் நிற்க விடாது, மகள் அரை மணி நேரத்தில் சலித்துப்போவாள். சலிக்கட்டும். அது எதை அடித்துக்கொண்டு போனாலும் கரையில்தான் போடும்.

அலைச்சறுக்குக்காரர்கள் கொண்டாடுவது உண்மைதான். கடல்நோக்கி வீசும் காற்று, வரும் அலையின் முகத்தைத் தாங்கிப் பிடிப்பதால் அது நிதானமாக, நேர்த்தியாக உடைகிறது. அவர்களைக் கரைக்குத் திருப்பிக் கொண்டுவர அந்த அலை இருக்கிறது. உங்கள் மகளுக்குக் குளம்தானே இருக்கிறது?

செயலி எது வேண்டுமானாலும் வைத்துக்கொள்ளுங்கள். எல்லாம் தரையிலிருந்து 10 மீட்டர் உயரத்துக் காற்றைத்தான் பொதுவாகச் சொல்கின்றன, உங்கள் கரையின் மரவரிசை அவற்றுக்குத் தெரியாது. அதைவிட மரக்கிளை மேல். பிரான்சிஸ் போஃபோர்ட் என்ற கடற்படை அதிகாரி 1805-ல் தொடங்கிவைத்த அளவுகோல் கப்பல் பாய்களுக்காக வந்தது. பின்னால் வந்தவர்கள் அதற்கு நிலத்து அடையாளங்களையும் சேர்த்தார்கள். சிறுகிளைகள் அசைந்து, புழுதியும் தாள்துண்டும் பறந்தால் நான்காம் படி, அதாவது 11 முதல் 16 நாட். மரவரிசையிலிருந்து தள்ளி நின்று, மரங்களின் உச்சியைப் பாருங்கள். பல நாடுகளின் கடற்கரைகளில் உயிர்காப்பாளர்கள் ஆரஞ்சு நிறத் துணிக்குழாய் ஏற்றுவார்கள். அது பறந்தால் காற்றடைத்த எதையும் தண்ணீரில் இறக்கக் கூடாது.

மகளிடம் நீங்கள் சொல்ல வேண்டியது கொஞ்சம்தான். பலகையோடு பிணைக்கும் கயிற்றை அவிழ்க்கக் கூடாது. காற்று தள்ள ஆரம்பித்தால் நிற்காமல் குப்புறப் படுக்க வேண்டும், காற்றுக்குப் பிடி குறையும். படுத்தபடியே கையால் துழாவி வரலாம். முடியவில்லை என்றால் பலகையிலேயே இருக்க வேண்டும், எக்காரணம் கொண்டும் இறங்கி நீந்தக் கூடாது. இரண்டு கையையும் தலைக்கு மேலே தூக்கி அசைக்க வேண்டும். நீங்கள் கரையில் இருந்துகொண்டு, அவள் கையசைத்தால் பதிலுக்குக் கையசைக்காதீர்கள். எழுந்து நின்று கவனித்துப் பாருங்கள்.

அப்புறம், பலகையின் நிறம் என்னவென்று எழுதவில்லையே. நீலம் என்றால் கடையில் கொடுத்து மாற்றிவிடுங்கள். அந்த டியூப் கறுப்பு. படகுக்காரர் ஏதோ மரக்கட்டை மிதக்கிறது என்று நினைத்துத்தான் பக்கத்தில் வந்தாராம்.